முதல் ஆஸ்கர் பட்டியலில் இருந்த ஹங்கேரிக்காரர்: லாயோஷ் பிரோ

கேள்வி இதுதான்: "1928-ல் வந்த 'தி லாஸ்ட் கமாண்ட்' மௌனப் படத்தின் டைட்டிலில் 'கதை: லாயோஷ் பிரோ' என்று வருகிறது. 1940-ல் வந்த 'தி தீஃப் ஆஃப் பாக்தாத்' டைட்டிலிலும் அதே பெயர். இரண்டும் ஒரே ஆளா? அப்படியானால் இவரைப் பற்றி ஏன் யாரும் பேசுவதில்லை?"

ஒரே ஆள்தான். அந்த இரண்டு படங்களோடு விஷயம் முடியவில்லை. 1929 மே மாதம் நடந்த முதல் ஆஸ்கர் விழாவில் சிறந்த நடிகர் விருது எமில் யானிங்ஸுக்குப் போனது. அப்போது ஒரு நடிகர் அந்த ஆண்டில் செய்த ஒன்றுக்கு மேற்பட்ட படங்களைச் சேர்த்தே விருது கொடுத்தார்கள். யானிங்ஸுக்கு இரண்டு படங்கள்: 'தி லாஸ்ட் கமாண்ட்', 'தி வே ஆஃப் ஆல் ஃபிளெஷ்'. இரண்டிலும் எழுத்துப் பக்கத்தில் பிரோவின் பெயர் இருக்கிறது. ஐந்து வருடம் கழித்து 'தி பிரைவேட் லைஃப் ஆஃப் ஹென்றி VIII' படத்துக்காக சார்ல்ஸ் லாட்டன் அதே விருதை வாங்கினார். அந்தப் படத்தை எழுதிய இருவரில் ஒருவரும் பிரோதான். மூன்று படங்களையும் ஒன்றாக வைத்துப் பேசியவர்களை நான் அதிகம் பார்த்ததில்லை.

பெயரை இணையத்தில் தேடினால் முதலில் பால்பாயின்ட் பேனாதான் வரும். பேனாவைக் கண்டுபிடித்த லாஸ்லோ பிரோ வேறு ஆள், அவரும் ஹங்கேரிக்காரர்தான். நம்முடைய லாயோஷ் பிரோ 1880 ஆகஸ்ட் 22-ல் நாட்யவாராத் நகரில் ஒரு யூதக் குடும்பத்தில் பிறந்தார். அன்று அது ஹங்கேரி. இன்று அந்த ஊர் ருமேனியாவில் ஒராடியா என்ற பெயரில் இருக்கிறது. 1948 செப்டம்பர் 9-ல் லண்டனில் மாரடைப்பால் இறந்தார். நடுவில் பத்திரிகையாளர், நாவலாசிரியர், நாடக ஆசிரியர், கொஞ்ச காலம் அரசாங்கத்தில் உயர் பதவி, அப்புறம் அகதி, பெர்லினிலும் ஹாலிவுட்டிலும் லண்டனிலும் திரைக்கதை ஆசிரியர்.

அவரை ஏன் பேசுவதில்லை என்பதற்கு என் பதிலை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். படம் பார்த்து வெளியே வருகிறவர் நினைவில் வைத்திருப்பது நடிகரை, பிறகு இயக்குநரை, பிறகு வசனத்தை. பிரோ வேலை செய்தது இவை எல்லாவற்றுக்கும் அடியில். ஓர் இக்கட்டான சூழ்நிலையை உருவாக்கி, அதற்குள் ஆட்களைப் பூட்டி வைப்பது அவருடைய தொழில். அவர்கள் பேசியதைப் பெரும்பாலும் வேறு ஆட்கள் எழுதினார்கள். 'தி லாஸ்ட் கமாண்ட்' படத்தில் திரையில் வரும் எழுத்து அட்டைகளை எழுதியவர் ஹெர்மன் மான்கேவிட்ஸ். லண்டன் படங்களில் ஆங்கில வசனம் என்றால் ஆர்தர் விம்பெரிஸ். அந்த விம்பெரிஸ் பிற்பாடு 'மிஸஸ் மினிவர்' எழுதிய குழுவில் ஒருவராக ஆஸ்கரும் வாங்கினார். கதைக்கும் வசனத்துக்கும் தனித்தனியே பெயர் போட்டுப் பழகிய நமக்கு இந்தப் பிரிவினை புரியும். உலகத் திரைப்பட வரலாறுகளோ இதைப் பெரிதாகக் கண்டுகொள்வதில்லை.

சரி, அவர் இந்தத் தொழிலை எங்கே கற்றார் என்பதைப் பார்ப்போம். 1900-ஐ ஒட்டிய நாட்யவாராத் ஒரு துடிப்பான ஊர். காபிக் கடைகள், தியேட்டர், பத்திரிகைகள், ராணுவ முகாம், அதிகாரிகளின் கூத்து எல்லாம் அங்கே உண்டு. நவீன ஹங்கேரியக் கவிதையின் பெரிய பெயரான எந்த்ரே ஆதியும் அதே காலத்தில் அந்த ஊரில்தான் பத்திரிகை வேலை பார்த்தார். பிரோ அங்கே நிருபராகத் தொடங்கி பிறகு புடாபெஸ்டுக்குப் போனார். சிறு நகரத்து அதிகார வர்க்கம் எப்படி நடந்துகொள்ளும், சீருடை போட்ட ஒருவனுக்கு ஊரே எப்படி வளையும் என்பதை அவர் அருகில் நின்று பார்த்திருக்கிறார். அவருடைய 'மஞ்சள் அல்லி' நாடகம் அதைத்தான் பேசுகிறது. ராஜ குடும்பத்து வாரிசு ஒருவன் சின்ன ஊருக்கு வந்து, அங்குள்ள மருத்துவரின் தங்கைமீது கண் வைக்கிறான். 1928-ல் இன்னொரு ஹங்கேரியரான இயக்குநர் அலெக்சாண்டர் கோர்டா இதை ஹாலிவுட்டில் 'யெல்லோ லில்லி' என்று படமாக்கினார்.

முதல் உலகப் போருக்கு முந்தைய புடாபெஸ்ட் நாடகங்களை உற்பத்தி செய்து வெளிநாட்டுக்கு அனுப்பும் நகரமாக இருந்தது. அங்கே வெற்றி பெற்ற நாடகம் வியன்னா, பெர்லின் வழியாக நியூயார்க் வரை போகும். ஆனால் ஹங்கேரிய மொழி வெளியே யாருக்கும் தெரியாது. நயமான வசனம், சொல் விளையாட்டு எதுவும் எல்லை தாண்டாது. மொழிபெயர்ப்பாளர் கையில் போனபின் மிஞ்சுவது கதைக்கட்டு ஒன்றுதான். அதனால் அந்தத் தலைமுறை எழுத்தாளர்கள் எந்த மொழியில் வைத்தாலும் உடையாத கதைக்கட்டைச் செய்யப் பழகினார்கள். சினிமா பேசாமல் இருந்த காலத்தில் இதைவிடப் பொருத்தமான பயிற்சி வேறு இருக்க முடியுமா? பிரோவோடு சேர்ந்து எழுதிய மெல்ஹியோர் லெங்யெல் பிறகு ஹாலிவுட்டில் 'நினாட்ச்கா' படத்துக்குக் கதை கொடுத்தார். இது எதேச்சையாக நடந்ததில்லை என்று நான் நினைக்கிறேன்.

பிரோவும் லெங்யெலும் சேர்ந்து 1912-ல் எழுதிய நாடகம் 'ஜார் அரசி'. ரஷ்யாவின் இரண்டாம் கேத்தரினையும் ஓர் இளம் அதிகாரியையும் பற்றியது. இந்த ஒரு நாடகத்திலிருந்து மூன்று முக்கியமான படங்கள் வந்தன. 1924-ல் எர்ன்ஸ்ட் லூபிட்ச் போலா நெக்ரியை வைத்து 'ஃபர்பிடன் பாரடைஸ்' எடுத்தார். 1934-ல் லண்டனில் கோர்டா தயாரிப்பில் எலிசபெத் பெர்க்னர் நடித்த 'தி ரைஸ் ஆஃப் கேத்தரின் தி கிரேட்' வந்தது. 1945-ல் ஓட்டோ பிரெமிங்கர் இயக்கத்தில் டலூலா பாங்க்ஹெட் நடித்த 'எ ராயல் ஸ்கேண்டல்'. முதல் படத்தில் ஒரு புகழ்பெற்ற காட்சி உண்டு. கலகக்கார அதிகாரியின் கை வாளை நோக்கிப் போகிறது. எதிரே நிற்கும் மந்திரியின் கை கோட்டுப் பைக்குள் போகிறது. நாம் துப்பாக்கியை எதிர்பார்க்கிறோம், வெளியே வருவது செக் புத்தகம். அந்தக் குறும்பு லூபிட்சுடையது. அதற்குரிய பாராட்டும் அவருக்கே. ஆனால் படையும் பணமும் ஆசையும் ஒரே அறைக்குள் நேருக்கு நேர் நிற்கும்படி கதையை அமைத்துக் கொடுத்தது அந்த இரண்டு ஹங்கேரியர்கள்.

பிரோவை ஒரே ஒரு படைப்பை வைத்துப் புரிந்துகொள்ள வேண்டுமானால் நான் 1917-ல் வந்த 'ஹோட்டல் இம்பீரியல்' நாடகத்தைத்தான் சொல்வேன். போர் நடந்துகொண்டிருந்தபோதே எழுதியது. இடம், ஆஸ்திரிய-ஹங்கேரிப் பேரரசின் கிழக்கு எல்லைப் பகுதியான கலீசியாவில், ரஷ்யப் படைகள் பிடித்துவிட்ட ஒரு சிறு நகரம். ஆஸ்திரிய-ஹங்கேரியப் படையைச் சேர்ந்த குதிரைப்படை அதிகாரி ஒருவர் எதிரியின் எல்லைக்குள் மாட்டிக்கொள்கிறார். ஒரு ஓட்டலுக்குள் வந்து களைப்பில் தூங்கிவிடுகிறார். விழித்துப் பார்த்தால் ஊர் ரஷ்யர்கள் கையில். ஓட்டல் பணிப்பெண் அன்னா அவருக்கு வெயிட்டர் உடையை மாட்டிவிடுகிறாள். அதே ஓட்டலில்தான் ரஷ்யத் தளபதி வந்து தங்குகிறார், அன்னாமீது ஆசையும் கொள்கிறார். நேற்றுவரை உத்தரவு போட்ட கை இன்று எதிரிக்குத் தட்டு ஏந்த வேண்டும். தளபதி அன்னாவிடம் வழிவதைப் பார்த்தும் முகம் மாறக் கூடாது.

இந்த அமைப்பைக் கொஞ்சம் கவனியுங்கள். ஒரே கட்டிடம், உடை மாற்றிய ஒருவன், அவனைக் காப்பாற்றத் தன் மானத்தையே பணயம் வைக்கக்கூடிய பெண், எந்த நிமிடமும் கதவைத் திறந்துகொண்டு வரக்கூடிய அதிகாரம். வசனமே வேண்டாம். வெயிட்டர் தட்டோடு நுழையும் ஒவ்வொரு தடவையும் பார்ப்பவருக்குப் பதற்றம் தானாக வரும். 1927-ல் மௌரிட்ஸ் ஸ்டில்லர் இதைப் படமாக்கினார். எரிக் போமர் தயாரிப்பு, அன்னாவாக போலா நெக்ரி. ஓட்டல் செட்டுக்கு மேலே ரெயில் அமைத்து, கேமராவைத் தொங்கவிட்டு அறைக்கு அறை நகர்த்தியிருக்கிறார்கள். கதை ஒரே கட்டிடத்துக்குள் பூட்டப்பட்டிருந்ததால்தான் அப்படி ஒரு செட்டும் கேமராவும் தேவைப்பட்டன. ரஷ்ய உளவாளி ஒருவனை அதிகாரி கொன்றுவிட, அவர் இரவு தன்னோடு இருந்தார் என்று எல்லோர் முன்னிலும் அன்னா சொல்வாள். தளபதி தான் வாங்கிக் கொடுத்த உடைகளை அவள் உடம்பிலிருந்து கிழித்தெறிவார். நூறு வருடம் ஆகப்போகிறது. அந்தக் காட்சி இன்றும் வலிக்கிறது.

1936-ல் மர்லீன் டீட்ரிக்கை வைத்து அதே கதையை மறுபடி தொடங்கி, பாதியில் கைவிட்டார்கள். 1939-ல் இசா மிராண்டா, ரே மிலண்ட் நடிக்க முடித்து வெளியிட்டார்கள். அந்தப் படத்தைத் தேடிப் போக வேண்டியதில்லை. அடுத்து 1943-ல் நடந்ததுதான் சுவாரசியம். பில்லி வைல்டரும் சார்ல்ஸ் பிராக்கெட்டும் அதே நாடகத்தை எடுத்து, கலீசியாவை எகிப்தியப் பாலைவனமாக்கினார்கள். ரஷ்யத் தளபதியின் இடத்தில் ஹிட்லரின் தளபதி ரோமெல். ஹங்கேரிய அதிகாரியின் இடத்தில் பிரிட்டிஷ் கார்ப்பரல். வைல்டர் அமெரிக்காவில் இயக்கிய இரண்டாவது படமான 'ஃபைவ் கிரேவ்ஸ் டு கெய்ரோ' அது. இதில் வெயிட்டராக நடிக்கும் கார்ப்பரல் போட்டுக்கொள்வது ஒரு செத்துப்போன வெயிட்டரின் உடை. அந்த வெயிட்டர் ஜெர்மானியர்களின் உளவாளி என்பது பிறகுதான் தெரிகிறது. அதாவது எதிரி இவனை எதிரியாகச் சந்தேகிக்கவில்லை, தன் ஆளாக நம்பி ரகசியம் பேசுகிறான். இது வைல்டரும் பிராக்கெட்டும் சேர்த்த முடிச்சு, அருமையான முடிச்சு. ஆனால் ஒரு போரைக் கழற்றிவிட்டு இன்னொரு போரை மாட்டினாலும் கதை அப்படியே ஓடுகிறது. முதல் போரில் எழுதிய நாடகம் இரண்டாம் போரின் நடுவில் செய்திப் படம் போலப் புதிதாக இருந்தது. கதைக்கட்டு என்றால் என்ன என்று சொல்லித்தர எனக்கு இதைவிட நல்ல உதாரணம் தெரியாது.

நாடகம் வந்த மறு வருடம் ஹங்கேரியில் எல்லாமே தலைகீழானது. பிரோ அதற்கு முன்பே இடதுசாரிச் சாய்வுள்ள தாராளவாதி. ஓஸ்கார் யாசியின் ராடிகல் கட்சி வட்டத்தைச் சேர்ந்தவர். 1918 அக்டோபர் புரட்சியில் மிஹாய் காரோயி ஆட்சிக்கு வந்தபோது வெளியுறவுத் துறையின் அரசுச் செயலராக ஆனார். சில மாதங்கள்தான். 1919 மார்ச்சில் பேலா குன் தலைமையில் சோவியத் பாணிக் குடியரசு, ஆகஸ்டில் அதுவும் கவிழ்ந்தது, பிறகு வலதுசாரித் தலைவர் ஹோர்த்தியின் பழிவாங்கும் ஆட்சி. இடதுசாரிகளும் யூதர்களும் வேட்டையாடப்பட்டார்கள். பிரோ நாட்டை விட்டு வெளியேறினார். இளம் இயக்குநரான அலெக்சாண்டர் கோர்டா கைதாகி, வெளியே வந்து வியன்னாவுக்கு ஓடினார். கோர்டா பிரோவைவிட 13 வயது இளையவர், அவரும் புடாபெஸ்டில் பத்திரிகையிலிருந்து சினிமாவுக்கு வந்தவர். இருவரும் பிறகு சாகும்வரை ஒருவரை ஒருவர் விடவில்லை. 1921-ல் பிரோ 'பாசின் யூதர்கள்' என்று ஒரு வரலாற்று நாவல் வெளியிட்டார். 1529-ல் பாசின் என்ற ஊரில் குழந்தையைக் கொன்றதாகப் பொய்ப் பழி சுமத்தி யூதர்களை எரித்துக் கொன்ற சம்பவம் அது. ஹோர்த்தியின் ஹங்கேரியை விட்டு வந்தவர் அந்தச் சமயத்தில் அதை ஏன் எழுதினார் என்று விளக்க வேண்டியதில்லை.

பெர்லினில் கோர்டாவுக்காக எழுதியவற்றைச் சுருக்கமாகக் கடந்துவிடலாம். ஹாப்ஸ்பர்க் இளவரசர் ருடால்ஃபின் மரணத்தைப் பற்றிய படம், பிரெஞ்சு மன்னனின் ஆசைநாயகி துபாரி சீமாட்டியின் நவீன வடிவம் பற்றிய படம் என்று சில. பிறகு ஹாலிவுட்.

'தி லாஸ்ட் கமாண்ட்' விஷயத்தில் கொஞ்சம் நிற்க வேண்டும், ஏனென்றால் அந்தக் கதை யாருடையது என்பதில் சண்டை இருக்கிறது. ஜார் ஆட்சியில் தளபதியாக இருந்த ஒரு ரஷ்யரை லூபிட்ச் அறிந்திருந்தார். புரட்சிக்குப் பிறகு அவர் அமெரிக்காவுக்கு வந்து உணவகம் நடத்தினார். பிறகு ஒருநாள் ஹாலிவுட்டில் 7.50 டாலர் தினக்கூலிக்குத் துணை நடிகராக வந்து நின்றாராம். லூபிட்ச் இதைப் பலரிடம் சொன்னார். ஆக, விதை ஓர் உண்மை மனிதர். திரைக்கதையாக்கம் ஜான் குட்ரிச். இயக்கிய ஜோசஃப் வான் ஸ்டெர்ன்பர்க், தன் படங்களில் பிறருக்குப் பங்கு கொடுப்பதில் தாராளமானவர் அல்ல. பிற்காலத்தில் படத்தைத் தன் படைப்பாகவே பேசினார். டைட்டிலிலும் ஆஸ்கர் பரிந்துரையிலும் 'கதை' என்ற இடத்தில் இருப்பது பிரோவின் பெயர். அந்தப் பிரிவில் வென்றது பென் ஹெக்ட் எழுதிய 'அண்டர்வேர்ல்டு'. அதுவும் ஸ்டெர்ன்பர்க் இயக்கிய படம்தான்.

யார் பக்கம் நியாயம்? படத்தைப் பார்த்தால் எனக்குச் சந்தேகம் வருவதில்லை. ஹாலிவுட்டில் தலை நடுங்கிக்கொண்டு நிற்கும் வயதான துணை நடிகர் ஒருவர். அவர் முன்னாள் ரஷ்யப் பெருந்தளபதி. அவரைப் படத்துக்குத் தேர்ந்தெடுக்கும் இயக்குநர், ஒரு காலத்தில் அவரிடம் சாட்டையடி வாங்கிய புரட்சிக்காரர். பழி தீர்க்க, அவருக்குக் கொடுக்கும் வேஷம் என்ன? தளபதி வேஷம். உதவி இயக்குநர் பதக்கத்தைத் தப்பான இடத்தில் குத்தும்போது கிழவர் திருத்துகிறார், அவன் ரஷ்யாவைப் பற்றித் தனக்குத் தெரியாததா என்று எரிந்துவிழுகிறான். முடிவில் பொய்ப் போர்க்களத்தில், பொய்ப் பனியில், அவருக்குப் புத்தி பிசகி உண்மையாகவே படையை நடத்துகிறார். லூபிட்ச் சொன்ன துணுக்கில் தளபதி மட்டும்தான் இருக்கிறார். அந்த இயக்குநரை எதிரே நிறுத்தியதும், தளபதிக்குத் தளபதி வேஷம் கொடுத்ததும்தான் துணுக்கைக் கதையாக்குகின்றன. அதிகாரி வெயிட்டர் உடை போட்டதன் மறுபக்கம் இது. உடைதான் அதிகாரம், அதைக் கழற்றினாலும் வேடமாகப் போட்டாலும் உள்ளே இருப்பவன் என்ன ஆவான் என்ற கேள்வி 'ஹோட்டல் இம்பீரிய'லிலேயே இருந்தது. ஒளி, புகை, முகங்களின் அழகு எல்லாம் ஸ்டெர்ன்பர்க்குடையது. அதை யாரும் மறுக்க முடியாது. கதையின் முதுகெலும்பு பிரோவுடையது என்றே நான் படிக்கிறேன்.

'தி வே ஆஃப் ஆல் ஃபிளெஷ்' படத்தின் சில துண்டுகளே இன்று மிஞ்சியிருக்கின்றன, முழுப் படம் தொலைந்துவிட்டது. வங்கிப் பணியாளர் ஒருவர் பத்திரங்களோடு சிகாகோ போகும் வழியில் ஒரு பெண்ணிடம் மயங்கி எல்லாவற்றையும் இழக்கிறார். வேறொருவனின் சடலத்தை அவர் என்று ஊர் நம்புகிறது. வீரமாகச் செத்த தந்தை என்று குடும்பம் கொண்டாட, அவர் நாடோடியாக வெளியே நின்று ஜன்னல் வழியாகப் பார்க்கிறார். மூலக் கதை பெர்லி பூர் ஷீஹனுடையது. பிரோவும் ஜூல்ஸ் ஃபர்த்மனும் திரைக்கதை. ஏழு வருடம் கழித்து லண்டனில் 'தி பிரைவேட் லைஃப் ஆஃப் டான் ஜுவான்' எழுதும்போது பிரோவுக்கு வாய்த்ததும் இதே நிலைமை, ஆனால் நகைச்சுவையாக. பெண்களை மயக்குவதில் பேர்போன டான் ஜுவானுக்கு வயதாகிவிட்டது; அவர் பெயரில் ஊரை ஏமாற்றும் ஒருவன் கொல்லப்பட, அசல் டான் ஜுவான் தன் சவ ஊர்வலத்தைத் தானே வேடிக்கை பார்க்கிறார். பிறகு நான்தான் அவன் என்று வந்து சொன்னால் ஒருத்தியும் நம்ப மாட்டேன் என்கிறாள். அதற்கும் மூலம் பிரெஞ்சு நாடகம் ஒன்று. இரண்டும் அவர் சொந்தக் கதை இல்லை என்றாலும், இந்த மாதிரிக் கதைகள் திரும்பத் திரும்ப அவர் மேசைக்கு வந்தன.

பேசும் படம் வந்ததும் மொழி தெரியாத எழுத்தாளர்களின் பிழைப்பு கெட்டது. பிரோ பிழைத்தது கோர்டாவால். கோர்டா ஹாலிவுட்டில் ஒத்துப்போகாமல் ஐரோப்பா திரும்பி, 1932-ல் லண்டன் ஃபிலிம்ஸ் நிறுவனத்தைத் தொடங்கினார். பிரோ அதன் கதை இலாகாவுக்குத் தலைவர். நாவலை வாங்கலாமா வேண்டாமா என்பதிலிருந்து, கதையைச் சுருக்கி வரிசைப்படுத்திக் கொடுப்பதுவரை அவர் வேலை. அதன் மேல் ஆங்கிலத்தை உட்கார வைக்க விம்பெரிஸ். இவர் இசை நாடகங்களுக்குப் பாட்டும் கேலியும் எழுதிக் கை தேர்ந்தவர். இந்த ஜோடி வேலை செய்த விதத்துக்கு 1933-ல் வந்த ஹென்றி படமே சாட்சி.

ஆறு மனைவிகள் கொண்ட மன்னர். வரலாற்றுப் புத்தகம் எழுதுகிறவர் முதல் மனைவியிலிருந்து தொடங்குவார். படம் அவரை ஒரே எழுத்து அட்டையில் தள்ளிவிடுகிறது: மரியாதையான பெண்மணி, ஆகவே அவர் கதையில் சுவாரசியம் இல்லை, மன்னர் விவாகரத்து செய்துவிட்டார் என்று. பிறகு நேரே இரண்டாம் மனைவியின் தலையை வெட்டும் நாளுக்குப் போகிறது. அதே நாளில் மூன்றாவது கல்யாணத்துக்கு ஏற்பாடு. பணிப்பெண்கள் படுக்கை விரிப்பில் பழைய ராணியின் முதலெழுத்தைப் பிரித்துப் புதிய ராணியின் எழுத்தைத் தைக்கிறார்கள். நான்காவது மனைவியோடு முதலிரவு, சீட்டாட்டமாக மாறி, விவாகரத்துப் பேரமாக முடிகிறது. அந்த ராணியாக நடித்த எல்சா லான்செஸ்டர் நிஜத்தில் லாட்டனின் மனைவி. அரசியலை மாளிகை மண்டபத்திலிருந்து படுக்கையறைக்கும் சமையலறைக்கும் மாற்றுவது 1912 நாடகத்திலேயே பிரோ செய்த வேலைதான். செலவு சுமார் 60,000 பவுண்டு. சிறந்த படத்துக்கான ஆஸ்கர் பரிந்துரை கிடைத்தது. பிரிட்டிஷ் படத்துக்கு அமெரிக்காவிலும் கூட்டம் வரும் என்று அந்தப் படம் காட்டிய தைரியத்தில்தான் கோர்டா டென்ஹாமில் பெரிய ஸ்டூடியோவே கட்டினார்.

அடுத்த பத்து வருடத்துப் பட்டியல் நீளம். 'தி ஸ்கார்லெட் பிம்பர்னெல்', 'ரெம்பிராண்ட்', 'டார்க் ஜர்னி', 'நைட் விதௌட் ஆர்மர்' எல்லாவற்றிலும் அவர் பெயர் ஏதோ ஒரு வரியில் இருக்கும். பிம்பர்னெல் படத்தைப் பற்றி ஒரு செய்தி: ஆங்கிலேயப் பெருமிதத்தின் அடையாளமாகக் கொண்டாடப்படும் அந்தக் கதையை எழுதிய பாரனெஸ் ஓர்ட்ஸி பிறந்தது ஹங்கேரியில். தயாரிப்பாளர் ஹங்கேரியர், எழுதியவர்களில் ஒருவர் ஹங்கேரியர், நாயகன் லெஸ்லி ஹோவர்டின் தந்தையும் ஹங்கேரிய யூதர்.

இனி சங்கடமான பகுதி. கோர்டாவின் சாம்ராஜ்யப் படங்களிலும் பிரோவுக்குப் பங்கு உண்டு. 1935-ல் வந்த 'சாண்டர்ஸ் ஆஃப் தி ரிவர்' நைஜீரியாவில் ஒற்றை வெள்ளை அதிகாரி இருந்தால் அமைதி, அவர் லீவில் போனால் ரத்தக்களரி என்று காட்டுகிறது. அதில் நடித்த பால் ரோப்சன் முடிந்த படத்தைப் பார்த்துவிட்டு அதை வெறுத்து ஒதுக்கினார். பிற்காலத்தில் கென்யாவின் தலைவரான ஜோமோ கென்யாட்டா அதில் கூட்டத்தில் ஒருவராக நிற்கிறார். 1938-ல் வந்த 'தி டிரம்' வடமேற்கு எல்லைப்புறத்தில் நடக்கிறது. பிரிட்டிஷாருக்கு நல்லபிள்ளையாக இருக்கும் இளவரசன் நல்லவன், எதிர்ப்பவன் கொடியவன். பம்பாயில் திரையிட்டபோது கடும் எதிர்ப்புக் கிளம்பியது. அந்தக் கோபம் நியாயமானது. அதில் பிரோவின் பெயர் கதைத் தழுவலுக்காக வருகிறது. ராணுவத் திமிரைக் கேலி செய்து நாடகம் எழுதியவர், ராஜாக்களை வீட்டுக்கு அனுப்பிய அரசில் பதவி வகித்தவர், இதற்கு எப்படிக் கை கொடுத்தார்? பிரிட்டன் அவருக்கு அடைக்கலம் தந்த நாடு, ஐரோப்பாவில் ஹிட்லருக்கு எதிரே நிற்கக்கூடியதாக அவர்கள் நம்பிய நாடு. அந்த நன்றி கண்ணை மறைத்திருக்கலாம் என்பது என் ஊகம். காரணம் எதுவாக இருந்தாலும், தன் ஊரில் சீருடைக்குள் இருக்கும் கொடுமையைக் கண்டவர் ஆப்பிரிக்காவிலும் இந்தியாவிலும் அதே சீருடையைப் பார்த்தபோது காணவில்லை. அவரைப் பிடித்தவர்கள் இதைச் சொல்லாமல் விடக் கூடாது.

'தி டிரம்' படத்தில் இளவரசனாக நடித்த சிறுவன், மைசூர்ப் பகுதியைச் சேர்ந்த யானைப்பாகனின் மகன் சாபு. அவனை வைத்து அடுத்து எடுத்ததுதான் 'தி தீஃப் ஆஃப் பாக்தாத்'. டைட்டிலின்படி கதையமைப்பு பிரோ. திரைக்கதையும் வசனமும் மைல்ஸ் மாலசன். 1924-ல் டக்ளஸ் ஃபேர்பேங்க்ஸ் நடித்த பழைய படத்தில் திருடனே காதலன். புதியதில் அந்த ஒருவனை இரண்டாகப் பிரித்தார்கள்: காதலிப்பது ராஜா, திருடுவது சிறுவன். இந்த ஒரு முடிவால் படம் குழந்தைகளுடையதாகிறது, சாபுவுக்கு முழுப் படமும் கிடைக்கிறது. ராஜா மாறுவேடத்தில் நகர்வலம் போக, மந்திரி ஜாஃபர் அவரையே பைத்தியம் என்று சிறையில் தள்ளுகிறான். நான்தான் ராஜா என்று கத்தினாலும் யாரும் நம்புவதில்லை. பிறகு ராஜா குருடாகவும் திருடன் நாயாகவும் ஆகிறார்கள். 'லாஸ்ட் கமாண்ட்' போலவே படம் நடுவில் தொடங்கி, முந்தைய கதைக்குத் திரும்புகிறது. போர் வந்ததால் மிச்சத்தை அமெரிக்காவுக்குக் கொண்டுபோய் முடித்தார்கள். மூன்று ஆஸ்கர் கிடைத்தது, எதுவும் எழுத்துக்கு இல்லை.

கடைசியாக 1947-ல் ஆஸ்கர் வைல்டின் 'ஆன் ஐடியல் ஹஸ்பெண்ட்' நாடகத்தைக் கோர்டாவுக்காகத் திரைக்கதையாக்கினார். கோர்டா இயக்கிய கடைசிப் படமும் அதுதான். மறு வருடம் பிரோ இறந்தார். லண்டன் ஹாம்ப்ஸ்டெட் கல்லறைத் தோட்டத்தில் அடக்கம் செய்தார்கள்.

எதிலிருந்து பார்க்கத் தொடங்குவது என்று கேட்டால்: முதலில் 1927-ன் 'ஹோட்டல் இம்பீரியல்', உடனே அடுத்த நாள் 'ஃபைவ் கிரேவ்ஸ் டு கெய்ரோ'. இரண்டையும் அடுத்தடுத்துப் பார்த்தால் எது நாடகத்திலிருந்து வந்தது, எது வைல்டர் கொண்டுவந்தது என்று நீங்களே பிரித்துவிடுவீர்கள். அப்புறம் 'தி லாஸ்ட் கமாண்ட்'. 1927, 1928 ஆண்டுகளின் படங்கள் அமெரிக்காவில் காப்புரிமை முடிந்து பொதுச்சொத்தாகிவிட்டதால் கிடைப்பதில் சிரமம் இருக்காது. ஆனால் மங்கலான பிரதிகளைத் தவிருங்கள், ஸ்டெர்ன்பர்க்கின் ஒளி அதில் செத்துவிடும். 'ஃபர்பிடன் பாரடை'ஸை நியூயார்க் நவீன கலை அருங்காட்சியகம் சீரமைத்திருக்கிறது, திரைவிழாவில் எங்காவது வந்தால் விடாதீர்கள். ஹென்றி படத்தைக் கடைசியில் வைத்துக்கொள்ளுங்கள். அதில் லாட்டன் கோழி தின்னும் காட்சியைத்தான் எல்லோரும் சொல்வார்கள். நீங்கள் அந்தச் சீட்டாட்டக் காட்சியை இரண்டு தடவை பாருங்கள்.